பெதியா முவஹ்ஹித்தை ஏன் யாரும் பேசுவதில்லை?

பழஞ்சுருள் எழுதியது:

இந்தப் பகுதியில் துருக்கிப் பழம்படங்களைப் பற்றிப் பேச்செழும்போதெல்லாம் இரண்டு பெயர்கள்தான் வருகின்றன. ஒன்று நாடக நடிகை அஃபிஃபே ஜாலே, மற்றது திரை நடிகை ஜாஹிதே சொன்கு. முன்னவர் மார்ஃபின் பழக்கத்தில் சிக்கி மனநல மருத்துவமனையில் இறந்தவர். பின்னவர் உச்சத்தில் இருந்து சரிந்து, வறுமையிலும் குடியிலும் முடிந்தவர். இரண்டுமே கண்ணீர்க் கதைகள், ஆகவே நன்றாக ஓடுகின்றன.

இவர்கள் இருவருக்கும் நடுவில் நிற்கும் பெதியா முவஹ்ஹித்தைப் பற்றி இதுவரை ஒரு பதிவுகூட இல்லை. 1897இல் இஸ்தான்புல்லில் பிறந்தார். 1923இல் ‘ஆதெஷ்தென் கோம்லெக்’ என்ற மௌனப்படத்தில் கதாநாயகியாக நடித்தார். ஹாலிதே எதிப் எழுதிய விடுதலைப் போர் நாவலை முஹ்சின் எர்துருல் படமாக்கியிருந்தார். துருக்கி முஸ்லிம் பெண்கள் திரையில் தோன்றியது அதுவே முதல் முறை. அதே ஆண்டில் மேடை ஏறினார், 1975 வரை இறங்கவில்லை. 1987இல் அரசு அவருக்கு ‘அரசுக் கலைஞர்’ பட்டம் கொடுத்தது. 1994இல் இறந்தார். மகாராணிபோல வாழ்ந்தார் என்று சொல்லவரவில்லை. வேலை செய்தார், சம்பளம் வாங்கினார், வயதானதும் பாட்டி வேடம் போட்டார். இப்படி ஒரு வாழ்க்கை நமக்குச் சுவைக்கவில்லையா?

---

எதிர்க்கேள்வி எழுதியது:

பழஞ்சுருள் ஐயா, பதிவு நன்று. ஆனால் ‘முதல்’ என்ற சொல்லைக் கண்டாலே எனக்குக் கை அரிக்கும்.

1919இல் அஹ்மத் ஃபெஹிம் ‘முரெப்பியே’ என்ற படத்தை எடுத்தார். ஹுசெயின் ரஹ்மியின் நாவல் அது. ஒரு துருக்கி வீட்டுக்கு ஆசிரியையாக வரும் பிரெஞ்சுக்காரி அந்த வீட்டு ஆண்களை எல்லாம் விரலசைவில் ஆட்டிவைக்கும் கதை. அந்த வேடத்தில் நடித்தவர் மதாம் கலிதேயா என்ற கிரேக்கப் பெண். அப்போது இஸ்தான்புல் முதல் உலகப் போரில் வென்ற நேச நாட்டுப் படைகளின் பிடியில் இருந்தது. பிரெஞ்சுப் பெண்ணை இப்படிக் காட்டலாமா என்று பிரெஞ்சுப் படைத்தலைமை படத்தைத் தடுத்தது. துருக்கித் திரையின் முதல் தணிக்கை என்று அதைச் சொல்வார்கள்.

மேடையிலோ அதற்கும் பல பத்தாண்டுகள் முன்பிருந்தே ஆர்மீனியப் பெண்கள் இருந்தார்கள். எலிசா பினெமெஜியான் இல்லாத தாருல்பெதாயியை, அதாவது இஸ்தான்புல் நகர நாடகக் குழுவை, நினைத்துப் பார்க்க முடியுமா? இத்தனை பேரையும் தாண்டி 1923இல் வந்தவர் எப்படி ‘முதல் நடிகை’ ஆனார்? அவர்கள் பிறந்ததும் அதே ஊர், பேசியதும் அதே மொழி, வாங்கிய கைதட்டலும் அதே பார்வையாளர்களிடம்தானே?

---

பழஞ்சுருள் எழுதியது:

அதனால்தான் ‘துருக்கி முஸ்லிம் பெண்கள்’ என்று எழுதினேன். ‘முதல் நடிகை’ என்று நான் எழுதவில்லை, மேலே பாருங்கள். ஆனால் பொதுவாக அப்படித்தான் எழுதப்படுகிறது என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

---

மூன்றாம்வரிசை எழுதியது:

எதிர்க்கேள்வியின் கேள்விக்குள் இன்னொரு வேடிக்கை இருக்கிறது.

ஒட்டோமான் காலத்து மேடையில் ஆர்மீனிய நடிகைகளைப் பற்றிய நிரந்தரப் புகார் அவர்களது உச்சரிப்புதான். துருக்கிச் சொற்களை ஆர்மீனிய வாடையோடு பேசுகிறார்கள் என்று விமர்சகர்கள் முகம் சுளித்தார்கள். முஸ்லிம் பெண்கள் மேடைக்கு வர வேண்டும் என்று வாதிட்டவர்கள் கையில் எடுத்ததும் இதைத்தான்: நல்ல துருக்கி மொழி காதில் விழ வேண்டும்.

சரி, மேடைக்கு அந்த வாதம் பொருந்தும். 1923இல் எடுத்தது மௌனப்படம்! திரையில் யாருடைய உச்சரிப்பு கேட்கப்போகிறது? கலிதேயா நடித்திருந்தாலும் பினெமெஜியான் நடித்திருந்தாலும் ஒரு எழுத்துகூட மாறியிருக்காது. ஆனாலும் தன் நாவலின் பெண் பாத்திரங்களில் துருக்கிப் பெண்கள்தான் நடிக்க வேண்டும் என்று ஹாலிதே எதிப் கேட்டுக்கொண்டார். எனவே அவர் கேட்டது மொழிக்காக இல்லை.

கதையைப் பாருங்கள். 1919 மே மாதம் கிரேக்கப் படை இஸ்மிரில் இறங்குகிறது. ஆயிஷேயின் கணவனும் குழந்தையும் கொல்லப்படுகிறார்கள். அவள் இஸ்தான்புல் வருகிறாள், பிறகு அனடோலியா போய்ப் போர்முனையில் தாதியாகிறாள். இந்த ஆயிஷேயை ஒரு கிரேக்கப் பெண்ணோ ஆர்மீனியப் பெண்ணோ நடித்தால் அன்றைய பார்வையாளர்கள் ஏற்றுக்கொண்டிருப்பார்களா? அந்த முகம் ‘நம்முடைய’ முகமாக இருந்தாக வேண்டும் என்ற அரசியல் அது. பெதியாவின் முதல் வாய்ப்பு அங்கிருந்து வந்தது. விடுதலையும் விலக்கலும் ஒரே வாசல் வழியாக வந்தன என்று தோன்றுகிறது. எனக்கே இது கொஞ்சம் கசப்பாகத்தான் இருக்கிறது.

---

பிறைநிலா எழுதியது:

நடுவில் பெயர் விளக்கம் ஒன்று, மன்னிக்கவும்.

‘முவஹ்ஹித்’ என்றால் இறைவன் ஒருவனே என்று ஏற்பவர். நமக்குத் தெரிந்த ‘தவ்ஹீத்’ என்ற சொல்லின் அதே அரபு வேர். இது பெதியாவின் தந்தை வழிப் பெயர் அன்று. கணவர் அஹ்மத் ரெஃபெத் முவஹ்ஹித் தாருல்பெதாயி நடிகர். துருக்கியில் குடும்பப்பெயர்ச் சட்டம் வந்ததே 1934இல்தான். கணவர் 1927இல் இறந்துவிட்டார். 1933இல் ஃபெர்தி ஷ்டாட்ஸர் என்ற ஆஸ்திரியப் பியானோ ஆசிரியரை மணந்தார், 1951இல் பிரிந்தார்கள். ஆனாலும் வரலாற்றில் நின்றது முதல் கணவரின் பெயர்தான்.

படத்தின் பெயருக்கு நேர்ப்பொருள் ‘நெருப்பால் ஆன சட்டை’. கழற்றவும் முடியாமல் உடுத்தியிருக்கவும் முடியாமல் தவிக்கும் நிலையைத் துருக்கியர் அப்படிச் சொல்வார்கள். நாம் மடியில் நெருப்பைக் கட்டிக்கொண்டிருப்பதாகச் சொல்வோம் அல்லவா, ஏறக்குறைய அதே சூடு.

இந்தத் தலைப்பை முதலில் யோசித்து வைத்திருந்தவர் எழுத்தாளர் யாக்கூப் காத்ரி. அவரிடமிருந்து அதை எடுத்துக்கொண்ட ஹாலிதே, நாவலின் முன்னால் அவருக்கே ஒரு கடிதம் எழுதி மன்னிப்புக் கேட்டிருக்கிறார். அழகான திருட்டு!

---

டிரங்க்கால் எழுதியது:

வணக்கம். நான் இங்கே படிப்பதோடு சரி, எழுதுவதில்லை. பெதியா என்ற பெயரைக் கண்டதும் எழுதத் தோன்றியது. காரணம் சினிமா இல்லை, டெலிபோன்.

நடிக்க வருவதற்கு முன் இவர் டெலிபோன் ஆப்பரேட்டர் என்பது உங்களில் எத்தனை பேருக்குத் தெரியும்? இஸ்தான்புல் டெலிபோன் நிறுவனம் வெளிநாட்டு முதலீட்டில் நடந்தது. முஸ்லிம் பெண்களை வேலைக்கு எடுக்கவில்லை. பிரெஞ்சும் கிரேக்கமும் தெரிய வேண்டும் என்பது அவர்கள் சொன்ன காரணம். 1913இல் ‘கடின்லர் துன்யாசி’ என்ற பெண்கள் இதழும் அதைச் சேர்ந்த பெண்கள் சங்கமும் இதைப் பெரிய விவகாரமாக்கின. நிறுவனம் இறங்கிவந்தது. அப்படி முதலில் உள்ளே போன சிலரில் பெதியாவும் ஒருவர். பிரெஞ்சுப் பள்ளியில் படித்தவர், கிரேக்கமும் பேசுவார். நிறுவனம் சொன்ன சாக்கு அவரிடம் செல்லவில்லை.

நான் இருபத்தாறு ஆண்டுகள் டிரங்க் எக்ஸ்சேஞ்சில் இருந்தவள். காதில் ஹெட்செட், கையில் இணைப்பு வயர், எதிரே விளக்குகள். அந்த வேலையில் உங்களுக்கு முகமே கிடையாது. சந்தாதாரருக்கு நீங்கள் வெறும் குரல். கோபம், அழுகை, பொய், அவசரம் எல்லாவற்றையும் குரலிலேயே கேட்டு, குரலிலேயே பதில் சொல்லப் பழக வேண்டும். அப்படிப்பட்ட இடத்திலிருந்து ஒரு பெண் மௌனப்படத்துக்குப் போகிறார். அங்கே குரலே கிடையாது, முகம் மட்டும்தான். முதல் வேலையில் முகத்தைக் கழற்றி வைத்தார், இரண்டாவதில் குரலை. பிறகு மேடைக்குப் போய் இரண்டையும் சேர்த்துக்கொண்டார். ஐம்பது ஆண்டுகள் நின்றதில் எனக்கு வியப்பே இல்லை.

---

பழஞ்சுருள் எழுதியது:

அம்மா, நீங்கள் இத்தனை நாள் எழுதாமல் இருந்தது எங்கள் நஷ்டம். கூடுதலாக ஒன்று: டெலிபோனுக்கும் படத்துக்கும் நடுவில் எரென்கோய் பெண்கள் பள்ளியில் பிரெஞ்சு ஆசிரியையாகவும் இருந்தார். அந்தப் பிரெஞ்சு கடைசிவரை கைகொடுத்தது, நாடகங்களை மொழிபெயர்த்துக் கொடுத்திருக்கிறார்.

---

உப்புக்காற்று எழுதியது:

எல்லோரும் சேர்ந்து அஃபிஃபேயைக் ‘கண்ணீர்க் கதை’ என்று ஓரம் தள்ளுவதைப் பார்த்துக்கொண்டு இருக்க முடியவில்லை. தலைப்பிலேயே குத்தல் இருக்கிறது, பழஞ்சுருள்.

1918இல் தாருல்பெதாயி பயிற்சிக்குச் சேர்த்த முஸ்லிம் பெண்கள் ஐவர். அதில் அஃபிஃபே மேடை வரை வந்தார். 1920இல் எலிசா பினெமெஜியான் வெளிநாடு போனதால் ‘யாமாலர்’ நாடகத்தில் எமெல் என்ற வேடம் காலியாக இருந்தது. கடிகோயில் இருந்த அப்போலன் அரங்கில் அஃபிஃபே அதில் ஏறினார். ‘ஜாலே’ என்பது அவர் சூட்டிக்கொண்ட மேடைப் பெயர். போலீஸ் வந்தது. அரங்கத்தில் இருந்தவர்கள் அவரைப் பின்வாசல் வழியாகத் தப்பவைத்தார்கள். மறுபடி நடித்தார், மறுபடி போலீஸ். 1921இல் முஸ்லிம் பெண்கள் மேடையில் தோன்றக்கூடாது என்று உத்தரவு வந்தது, நாடகக் குழு அவரை வெளியேற்றியது. தீராத தலைவலி, அதற்கு மார்ஃபின், பிறகு மார்ஃபின் இல்லாமல் இருக்க முடியாத நிலை. 1941இல் பாக்கிர்கோய் மருத்துவமனையில் இறந்தபோது நாற்பது வயதுகூட ஆகவில்லை.

பெதியா மேடை ஏறிய நாளில் வாசலில் எந்தப் போலீஸ் நின்றது? அந்த வாசலை அஃபிஃபே தன் தலையால் முட்டி உடைத்திருந்தார். உடைத்தவரை அழுமூஞ்சி என்பதும், உடைந்த வாசல் வழியாக நடந்து போனவரை ‘வேலை செய்தார், சம்பளம் வாங்கினார்’ என்று மெச்சுவதும் நியாயம்தானா?

---

பழஞ்சுருள் எழுதியது:

கோபம் நியாயமானது. ஆனால் ஒரு சிறு திருத்தம், அது முக்கியமான திருத்தமும்கூட. அஃபிஃபே வாசலை உடைக்கவில்லை. உடைக்க முடிந்திருந்தால் 1921இல் வீட்டுக்கு அனுப்பியிருக்க மாட்டார்கள். பூட்டிய வாசல் பூட்டியபடியேதான் இருந்தது. இரண்டு ஆண்டுகளில் வீட்டுக்காரரே மாறிவிட்டார்.

1921இல் உத்தரவு போட்டது சுல்தானின் அரசு. 1922 நவம்பரில் சுல்தான் ஆட்சியே ஒழிக்கப்பட்டது, இஸ்தான்புல் நிர்வாகம் முஸ்தஃபா கெமாலின் அங்காரா அரசின் கைக்கு வந்தது. ‘ஆதெஷ்தென் கோம்லெக்’ வெளியானது 1923 ஏப்ரல் 23. அங்காராவில் தேசிய சட்டமன்றம் கூடியதன் மூன்றாம் ஆண்டு நாள். நேச நாட்டுப் படைகள் அக்டோபரில்தான் வெளியேறின என்பதையும் சேர்த்துப் பாருங்கள். தெருவில் அந்நியச் சிப்பாய்கள் நடமாடிக்கொண்டிருக்கும்போதே இஸ்தான்புல்லின் பெயோலு பகுதியில் இந்தப் படம் ஓடியது.

மேடைக் கதை இன்னும் சுவையானது. அந்தக் கோடையில் தாருல்பெதாயி இஸ்மிருக்கு நாடகம் போடப் போயிருந்தது. முஸ்தஃபா கெமால் அங்கே இருந்தார். துருக்கிப் பெண் மேடையில் ஏன் இல்லை என்று அவர் கேட்டார். குழுவில் கைக்கெட்டிய தூரத்தில் இருந்தவர் நடிகரின் மனைவியும் ஏற்கெனவே கேமரா முன் நின்றவருமான பெதியா. ஜூலை கடைசியில் ‘ஜெஸா கானுனு’ என்ற நாடகத்தில் அவரை ஏற்றினார்கள். எந்த ஊரில் ஆயிஷேயின் கணவனும் குழந்தையும் கொல்லப்பட்டார்களோ, அதே இஸ்மிரில், நாட்டின் தலைவர் முன்னிலையில்.

அஃபிஃபே ஏறியபோது பதினெட்டு வயது, தந்தைக்கும் விருப்பமில்லை, தனி ஆள். பெதியாவுக்கு இருபத்தாறு. கணவர் நடிகர், இயக்குநர் அழைத்தவர், நாவலாசிரியை கேட்டவர், தலைவர் பார்வையாளர். துணிவில் யார் பெரியவர் என்று எடைபோட எனக்கு விருப்பமில்லை. காலம் ஒருவர் தலையில் இடியாக விழுந்தது, மற்றவர் தலையில் பூவாக விழுந்தது.

---

எதிர்க்கேள்வி எழுதியது:

‘வீட்டுக்காரரே மாறிவிட்டார்’ என்பதை ஒப்புக்கொள்கிறேன். பூ, இடி எல்லாம் வேண்டாமே.

---

தறிச்சத்தம் எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். ஒரு எளிய கேள்வி. இவ்வளவு புகழோடு அறிமுகமானவர் அடுத்த ஐந்தாறு ஆண்டுகளில் பெரிய நட்சத்திரம் ஆகியிருக்க வேண்டுமே? ஏன் ஆகவில்லை? ஜாஹிதே சொன்குவைத்தானே துருக்கியின் முதல் நட்சத்திரம் என்கிறார்கள்? அவர்தான் முதல் நடிகை என்றே நான் நினைத்திருந்தேன்.

---

மூன்றாம்வரிசை எழுதியது:

நல்ல கேள்வி தம்பி. நட்சத்திரம் ஆக வேண்டுமானால் படம் எடுக்க வேண்டும் அல்லவா? படம்தான் இல்லை.

‘ஆதெஷ்தென் கோம்லெக்’கைத் தயாரித்த கெமால் ஃபிலிம், செதென் சகோதரர்கள் 1922இல் தொடங்கியது. 1924இல் தயாரிப்பை நிறுத்திக்கொண்டது. அடுத்த நிறுவனமான இபெக் ஃபிலிம் படமெடுக்க வந்தது 1928இல். நடுவில் நான்காண்டு வறட்சி. இளம் நடிகைக்கு அந்த நான்காண்டு என்றால் என்ன என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

1939 வரை துருக்கியில் படம் என்றால் ஏறக்குறைய முஹ்சின் எர்துருல் ஒருவர்தான். அவரோ நாடக மனிதர். பருவம் முழுக்க நாடகம், கோடையில் அரங்கம் மூடியதும் அதே நடிகர்களை வைத்துப் படம். சினிமாவுக்கென்று தனி நடிப்பு வளரவில்லை, மேடையின் பெரிய கையசைவுகள் அப்படியே திரைக்கு வந்தன என்று பின்னால் வந்தவர்கள் அவரை வறுத்தெடுத்தார்கள். எனக்கும் அதில் பாதி உடன்பாடு. ஆனால் நடிகைகளின் பக்கம் நின்று பார்த்தால், மாதச் சம்பளம் தந்தது மேடை. படம் கோடைக் கூலி. பெதியா மேடையை விடாமல் பிடித்துக்கொண்டதில் என்ன தவறு?

ஜாஹிதே அடுத்த தலைமுறை. திரைக்கு வந்தது 1933இல், பேசும்படம் வந்த பிறகு. ஸ்வீடன் எழுத்தாளர் செல்மா லாகர்லெவ் கதையைத் தழுவி 1935இல் வந்த ‘பாதக்லி தாமின் கிஸி ஐசெல்’ அவரைத் தூக்கிவிட்டது. பிறகு இயக்கினார், சொந்த நிறுவனம் தொடங்கினார், பாடகர் ஸெகி முரெனைத் திரைக்குக் கொண்டுவந்த 1953ஆம் ஆண்டுப் படம் அவருடைய நிறுவனத்தினுடையதுதான். நிறுவனம் போனது, பணம் போனது, 1981இல் இறந்தார். அவர் முழுக்கச் சினிமாவை நம்பினார் என்பதைக் கவனியுங்கள்.

---

உப்புக்காற்று எழுதியது:

அதாவது சினிமாவை நம்பியவர் அழிந்தார், மாதச் சம்பளக்காரர் பிழைத்தார் என்கிறீர்களா? என் மாமனார் பேசுவதுபோல் இருக்கிறது.

---

மூன்றாம்வரிசை எழுதியது:

உங்கள் மாமனாரிடம் என் வணக்கத்தைச் சொல்லுங்கள்.

---

பிறைநிலா எழுதியது:

நெய்யிரே நெய்யிரை எல்லோரும் மறந்துவிட்டீர்கள். ‘முதல்’ என்று பேசும்போதெல்லாம் பெதியாவின் பெயரைச் சொல்லி நிறுத்திவிடுகிறோம். அதே படத்தில், அதே திரையில், கெஸ்பான் என்ற பாத்திரத்தில் இவரும் இருந்தார். இயற்பெயர் முனிரே எயுப். நடிகை தேவை என்ற பத்திரிகை விளம்பரத்தைப் பார்த்து வந்தவர். அவருக்கு நடிகர் கணவரும் இல்லை, அறிமுகமும் இல்லை. வேறு பெயரில்தான் நடித்தார். பிற்பாடு முஹ்சின் எர்துருலை மணந்தார், இருவரும் சேர்ந்து நாடக இதழ் நடத்தினார்கள். 1943இல் இறந்துவிட்டார்.

ஒரே நாளில் திரையேறிய இருவரில் ஒருவர் நாற்பதைச் சற்றே தாண்டி இறந்தார், மற்றவர் அதற்குப் பிறகு ஐம்பது ஆண்டுகள் இருந்து பேட்டிகளும் கொடுத்தார். யாருடைய பெயர் ‘முதல்’ என்று நிலைக்கும்?

---

எதிர்க்கேள்வி எழுதியது:

இதைத்தான் முதலிலிருந்தே சொல்கிறேன். நீண்ட நாள் வாழ்ந்தவர்தான் ‘முதல்’ ஆகிறார்.

---

டிரங்க்கால் எழுதியது:

பெதியாவின் பிற்காலப் படங்கள் ஏதாவது பார்க்கக் கிடைக்குமா? என்ன வேடங்கள் என்று தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

---

பழஞ்சுருள் எழுதியது:

அம்மா, 1950, 60களின் யெஷில்சாம் படங்களைத் தேடுங்கள். ‘யெஷில்சாம்’ என்பது படக் கம்பெனிகள் நிறைந்திருந்த பெயோலு தெருவொன்றின் பெயர், பிறகு மொத்தத் துருக்கி வணிகப் படத்துக்கும் அதுவே பெயராகிவிட்டது. அந்தப் படங்களில் மாளிகை வீட்டுப் பாட்டி, ஏழை மருமகளை ஏற இறங்கப் பார்க்கும் பெரியம்மா போன்ற வேடங்களில் அவர் வருவார். முத்துமாலை, நிமிர்ந்த கழுத்து, துல்லியமான இஸ்தான்புல் உச்சரிப்பு. கதாநாயகி அழுதுகொண்டு மாடிப்படி இறங்குவாள், இவர் நாற்காலியில் அசையாமல் இருப்பார், கண் எல்லாம் அவர்மேல்தான் போகும்.

ஒன்றைக் கவனித்தேன். எதிரே இருப்பவர் பேசும்போது மற்ற துணை நடிகர்கள் தங்கள் முறைக்காகக் காத்திருப்பது தெரியும். பெதியா கேட்டுக்கொண்டிருப்பார், உண்மையாகவே. இதை மௌனப்படத்தில் கற்றார் என்று நினைத்திருந்தேன். நீங்கள் எழுதியதைப் படித்த பிறகு எக்ஸ்சேஞ்சில் கற்றிருப்பாரோ என்று தோன்றுகிறது.

அடுத்த பதிவு நெய்யிரேயைப் பற்றி எழுதலாம் என்று இருக்கிறேன். பிறைநிலா உதவினால் நல்லது.

---

எதிர்க்கேள்வி எழுதியது:

நீங்கள் நெய்யிரேயை எழுதுங்கள். மதாம் கலிதேயாவை நான் எழுதுகிறேன். தலைப்பும் தயார்: ‘முதல் நடிகைக்கு முந்தைய நடிகை.’